தாடை உடைந்தால் முதலில் கடியைப் பாருங்கள்

நான் கல்யாணச் சமையல்காரன். காரைக்குடியைச் சுற்றி இருபத்தெட்டு வருடமாகக் கரண்டி பிடிக்கிறேன். 2022 ஆவணியில் பள்ளத்தூரில் ஒரு சாந்தி, வயது நிறைவுக்குச் செய்கிற கல்யாணம். வீட்டின் பின்பகுதியான மூன்றாங்கட்டில் அடுப்பு, அதற்கு முந்தின இரண்டாங்கட்டில் பந்தி. விடியற்காலை நாலரை மணிக்கு இரண்டு கையிலும் வெந்நீர் வாளியோடு தாழ்வாரத்தில் வந்தவன், ஆத்தங்குடிக் கல்லில் யாரோ சிந்தியிருந்த எண்ணெயில் வழுக்கினேன். வாளியை விட மனசு வரவில்லை, அதனால் கையை ஊன்றவில்லை. முற்றத்துக் கருங்கல் விளிம்பில் முகவாய் போய் இடித்தது.

தோல் கிழிந்து ரத்தம். பையன்கள் பக்கத்தில் இருந்த ஒரு கிளினிக்குக்குக் கூட்டிப்போனார்கள். நாலு தையல், ஒரு டி.டி. ஊசி, வலிக்கு மாத்திரை. "வீக்கம் வடிஞ்சாச் சரியாயிரும்" என்று அனுப்பிவிட்டார்கள். வாயைத் திற, பல்லைக் கடி என்று யாரும் சொல்லவில்லை, எனக்கும் கேட்கத் தெரியவில்லை. திரும்பி வந்து நின்று பந்தியை முடித்துவிட்டுத்தான் வீட்டுக்குப் போனேன்.

மறுநாள் மத்தியானம் ஒரு விள்ளல் இட்லியை வாயில் வைத்தபோதுதான் விஷயம் தெரிந்தது. இடது கடைவாய்ப் பல் முதலில் முட்டியது, வலது பக்கம் முட்டவே இல்லை. முன்பல் மேலும் கீழும் நடுவில் ஒரு விரல் நுனி போகிற அளவு இடைவெளி. ஏனத்துக்கு மூடி போட்டால் 'டப்' என்று உட்காரும் ஒரு சத்தம் உண்டு. நெளிந்த ஏனத்தில் அந்தச் சத்தம் வராது, மூடி ஒரு பக்கம் ஆடும். என் வாய் அப்படி ஆடியது.

இதைத்தான் முதலில் சொல்ல நினைத்தேன். முகவாயில் அடிபட்டவரைக் கண்ணாடி முன்னால் உட்காரவைத்து மெதுவாகப் பல்லைக் கடிக்கச் சொல்லுங்கள். "நேத்து மாதிரியே சேருதா?" என்று கேளுங்கள். அவரவர் கடி, அதாவது மேல் பல்லும் கீழ்ப் பல்லும் சேருகிற விதம், அவரவருக்குத் தெரியும், ஒரு மயிரிழை மாறினாலும் சொல்லிவிடுவார்கள். சேரவில்லை என்றால் வீக்கம் எவ்வளவு சின்னதாக இருந்தாலும் எக்ஸ்ரே எடுத்தே ஆகவேண்டும்.

வேறு அடையாளங்களும் உண்டு. கீழ்ப் பல் வரிசையில் படி இறங்கியது போல் ஒரு பல் தாழ்ந்திருப்பது, இரண்டு பல்லுக்கு நடுவில் ஈறு கிழிந்து ரத்தம் கசிவது, நாக்குக்கு அடியில் கருநீலமாக ரத்தம் கட்டியிருப்பது, கீழுதடு மரத்துப்போவது, வாயைத் திறந்தால் தாடை ஒரு பக்கமாகக் கோணுவது. காதுக்கு முன்னால் வலிக்கிறது என்றால் அதை முகவாய்க் காயத்தோடு சேர்த்தே பாருங்கள். எனக்குக் காயம் முகவாயில், வலி இடது காதுக்கு முன்னால். காதில் தண்ணீர் போயிருக்கும் என்று நினைத்துப் பஞ்சு வைத்துக்கொண்ட புத்திசாலி நான்.

ஏன் அங்கே வலித்தது? கீழ்த்தாடை லாடம் மாதிரி வளைந்த ஒரே எலும்பு. இரண்டு நுனியும் காதுக்கு முன்னால் மண்டையோட்டில் போய் மூட்டாக உட்கார்ந்திருக்கின்றன. கைமுறுக்கை ஒரு பக்கம் அழுத்திப் பாருங்கள், இன்னொரு பக்கமும் சேர்ந்து விரிசல் விடும். தாடையும் பெரும்பாலும் அப்படித்தான், ஒரு இடத்தில் அடி, இரண்டு இடத்தில் முறிவு. எனக்கு வலது கோரைப் பல்லுக்குப் பக்கத்தில் ஒன்று, இடது மூட்டின் கழுத்தில் ஒன்று. அந்த மூட்டுத் தலையை டாக்டர்கள் 'கண்டைல்' என்கிறார்கள். முகவாயில் தையல் போட்டு அனுப்பும் இடங்களில் தப்பிப்போவது பெரும்பாலும் இந்தக் கண்டைல்தானாம்.

அடிபட்ட உடனே

தாடையை விட முக்கியம் மூச்சு. ரத்தமும் எச்சிலும் தொண்டைக்குள் போகாமல் இருக்க, நினைவோடு இருப்பவரை முன்பக்கம் குனிந்து உட்காரவையுங்கள், வாயில் வருவது தானாக வெளியே வழியட்டும். மல்லாக்கப் படுக்கவைக்கக் கூடாது. நினைவில்லை என்றால் கழுத்தைத் திருகாமல், தலையையும் உடம்பையும் சேர்த்து ஒருக்களித்துத் திருப்பி 108-ஐக் கூப்பிடுங்கள். வண்டியில் இருந்து விழுந்தவர், வாந்தி எடுப்பவர், பேச்சு குழறுபவர், கழுத்து வலிக்கிறது என்பவர் யாராக இருந்தாலும் முதலில் தலையையும் கழுத்தையும் பார்க்கவேண்டும். தாடை காத்திருக்கும்.

நல்ல நினைவோடு இருந்து, வாந்தியும் ரத்தமும் இல்லை என்றால், ஒரு துண்டை முகவாய்க்கு அடியில் கொடுத்து உச்சந்தலையில் லேசாகக் கட்டலாம். தாடை ஆடாமல் இருந்தாலே பாதி வலி குறையும். ஒரு இழுப்பில் அவிழ்கிற முடிச்சாக இருக்கட்டும். ஐஸைத் துணியில் சுற்றி ஒற்றி எடுங்கள்.

பல் விழுந்திருந்தால் வேரைத் தொடாமல் மேல் பக்கத்தைப் பிடித்து எடுத்து, மண் இருந்தால் லேசாக அலசி, பாலில் போட்டுக் கொண்டுபோங்கள். ஒரு மணி நேரத்துக்குள் போனால் திரும்பப் பொருத்த வாய்ப்பு அதிகம். தேடியும் கிடைக்கவில்லை என்றால் அதையும் டாக்டரிடம் சொல்லவேண்டும், அது நெஞ்சுக்குள் போயிருக்கலாம். பல்செட் போட்ட பெரியவர் என்றால், உடைந்திருந்தாலும் அந்தத் துண்டுகளைப் பொறுக்கி எடுத்துப்போங்கள். காரணம் பின்னால் வருகிறது.

எங்கே போவது

தாடை முறிவுக்கென்றே படித்தவர்கள் இருக்கிறார்கள். பல் மருத்துவம் படித்து, அதற்கு மேல் வாய், முகம், தாடை அறுவைச் சிகிச்சையில் மேல்படிப்பு முடித்தவர்கள். கையில் பில் வரும்போது பார்ப்பதை விட, போகும்போதே "முகத் தாடை சர்ஜன் இருக்காங்களா?" என்று கேட்பது நல்லது. என் காலத்தில் காரைக்குடிக்காரர்கள் மதுரைக்குத்தான் ஓடினோம். சிவகங்கையில் அரசு மருத்துவக் கல்லூரி 2012-லேயே வந்துவிட்டது. புதுக்கோட்டையில் அரசு பல் மருத்துவக் கல்லூரி 2023 நவம்பரில் திறந்தார்கள், நமக்கு ஒரு மணி நேரப் பயணம். முதலில் அங்கே கேட்டுப் பாருங்கள்.

அங்கே முதலில் எடுப்பது ஓ.பி.ஜி. என்கிற எக்ஸ்ரே. நிற்கவைத்து, ஒரு கருவி முகத்தை அரை வட்டம் சுற்றிவரும். தாடையின் இந்த நுனியில் இருந்து அந்த நுனி வரை ஒரே படத்தில், பனையோலையை விரித்த மாதிரி தெரியும். மூட்டுப் பக்கம் சந்தேகம் இருந்தால் சி.டி. ஸ்கேன். எனக்கு இரண்டும் எடுத்தார்கள். அதற்கு முன்னால் ஒரு மரக்குச்சியைக் கடைவாயில் கடிக்கச் சொல்லி டாக்டர் அதைத் திருகிப் பார்த்தார். தாடை நல்லா இருப்பவர் கடித்துப் பிடித்தால் குச்சி முறியும். நான் குச்சியை உதறிவிட்டு "ஆத்தா" என்றேன். இதை வீட்டில் செய்து பார்க்கவேண்டாம்.

காசு விஷயம். ரோட்டில் அடிபட்டவர் என்றால் 2021 டிசம்பரில் தொடங்கிய 'இன்னுயிர் காப்போம் – நம்மைக் காக்கும் 48' திட்டத்தில், பட்டியலில் உள்ள ஆஸ்பத்திரிகளில் முதல் 48 மணி நேரத்துக்குக் கட்டணம் இல்லை. காப்பீட்டு அட்டை இல்லாவிட்டாலும் உண்டு. என்னை மாதிரி முற்றத்தில் விழுந்தவர்களுக்கு முதலமைச்சரின் விரிவான மருத்துவக் காப்பீட்டுத் திட்டம் இருக்கிறது. குடும்ப ஆண்டு வருமானம் 1,20,000 ரூபாய்க்குள் இருக்கவேண்டும். ரேஷன் அட்டை, ஆதார், வருமானச் சான்று மூன்றையும் ஒரு பையில் போட்டுவையுங்கள். தனியாரில் சேர்ந்தால் எலும்பில் வைக்கும் தகட்டுக்கும் திருகுக்கும் தனியாகப் பில் வருமா என்று முன்னாலேயே கேட்டு எழுதி வாங்குங்கள்.

அப்புறம், கட்டு வைத்தியம். என் மாமனார் முட்டையும் உளுந்தும் அரைத்துக் கட்டுகிற ஒருவரை வீட்டுக்கே அழைத்து வந்துவிட்டார். கைக்கும் காலுக்கும் மூங்கில் பத்தை வைத்து ஆடாமல் கட்டலாம், அதில் எனக்கு வழக்கு இல்லை. தாடை முறிவில் இரண்டு துண்டையும் இரண்டு பக்கத் தசைகள் ஆளுக்கொரு திசையில் இழுத்துக்கொண்டே இருக்கும். மேலே எவ்வளவு பற்றுப் போட்டாலும் உள்ளே பல் சேராது. பல் இருக்கும் பகுதியில் முறிந்தால் அது பெரும்பாலும் ஈறு வழியாக வாய்க்குள் திறந்த காயம். அங்கே கிருமி போகும். அதனால்தான் ஆஸ்பத்திரியில் முதல் நாளே கிருமிக்கொல்லி மருந்து தொடங்குகிறார்கள். சில நாள் தாமதம் ஆனாலும் சரிசெய்யலாம். இரண்டு வாரம் கடந்துவிட்டால் எலும்பு தப்பான இடத்தில் ஒட்ட ஆரம்பித்துவிடும், பிறகு அதை உடைத்துச் சேர்க்கவேண்டி வரும். மாமனாருக்குக் கோபம்தான். பொரித்த முட்டையாகச் செய்து கொடுத்துச் சமாதானம் பண்ணினாள் என் வீட்டுக்காரி.

மூன்று வழி

எனக்குச் சிகிச்சை பார்த்த டாக்டரம்மா ஒரு காகிதத்தில் தாடையை வரைந்து காட்டிச் சொன்னது இது. எந்த வழியாக இருந்தாலும் குறி ஒன்றுதான், பழைய கடி திரும்ப வரவேண்டும்.

முதல் வழி, ஒன்றும் செய்யாமல் காவல் காப்பது. கீறல் மட்டும் விழுந்து, துண்டு நகராமல், கடியும் மாறாமல் இருந்தால் மெல்லாத சாப்பாடு, வலி மருந்து, வாரம் ஒருமுறை வந்து காட்டுவது. கேட்க எளிது. ஒரு முறுக்கைக் கடித்தால் எல்லாம் போச்சு.

இரண்டாவது, பல்லோடு பல்லைக் கட்டுவது. மேல் வரிசைக்கு ஒன்று, கீழ் வரிசைக்கு ஒன்றாக மெல்லிய உலோகப் பட்டையைப் பல்லில் கம்பியால் கட்டி, பட்டையில் உள்ள கொக்கிகளில் மேலையும் கீழையும் இறுக்கிவிடுவார்கள். சில இடத்தில் பட்டைக்குப் பதில் ஈறு வழியாக எலும்பில் நாலு திருகு போட்டு அதில் கட்டுவதும் உண்டு. வாய் பூட்டியே இருக்கும். பெரியவர்களுக்கு நாலு முதல் ஆறு வாரம். பெரிய அறுவை இல்லை, பெரும்பாலும் மரத்துப்போகும் ஊசியிலேயே முடியும், செலவும் குறைவு. விலை வேறு விதத்தில் கொடுக்கவேண்டும், பட்டினியும் பேச்சின்மையும். ஹிப்போகிரட்டஸ் காலத்துக் கிரேக்கர்கள் தங்கக் கம்பியால் இதே வேலையைச் செய்திருக்கிறார்களாம். பள்ளத்தூர் ஆச்சி கேட்டுவிட்டு, "தங்கம்னா கழட்டும்போது எடையப் பாத்து வாங்கிக்கங்க மாஸ்டர்" என்றார்கள்.

மூன்றாவது, திறந்து தகடு வைப்பது. முறிந்த இடத்தைத் திறந்து, துண்டுகளைச் சேர்த்து, டைட்டானியத்தில் செய்த சின்னத் தகட்டைத் திருகால் முடுக்குவது. பெரும்பாலும் வாய்க்குள்ளேயே கீறிச் செய்கிறார்கள், வெளியில் தழும்பு இல்லை. சிக்கலான முறிவு, மூட்டுப் பக்கம் என்றால் வெளியில் கீறவேண்டி வரலாம். துண்டுகள் நகர்ந்திருந்தால், இரண்டு மூன்று இடத்தில் உடைந்திருந்தால், சீக்கிரம் வேலைக்குத் திரும்பவேண்டியவர் என்றால் இதைத்தான் சொல்வார்கள். வாயைச் சீக்கிரம் திறக்கலாம். ஆனால் தகடு வைத்துவிட்டதால் மறுவாரமே ஆட்டுக்கறி என்று நினைக்கவேண்டாம். எலும்பு ஒட்டுவதற்கு ஆறு வாரம் அது எடுத்துக்கொண்டே தீரும்.

வலிப்பு நோய் உள்ளவர்கள், அடிக்கடி வாந்தி எடுப்பவர்கள், மூச்சு இளைப்பு உள்ளவர்கள் வாயைப் பூட்டுவதற்கு முன்னால் டாக்டரிடம் கட்டாயம் சொல்லவேண்டும். அவர்களுக்குப் பூட்டே ஆபத்து.

எனக்குக் கலவை. வலது முன்பக்கத்துக்கு இரண்டு தகடு. இடது மூட்டைத் திறக்கவில்லை. அங்கே முகத்தை அசைக்கும் நரம்பு ஓடுகிறது, முறிந்த தலை அதிகம் விலகவும் இல்லை, பல்லில் பட்டை கட்டி, அதன் கொக்கிகளில் கம்பிக்குப் பதில் ரப்பர் வளையம் போட்டுக் கடியைச் சேர்த்தே ஆற்றிவிடலாம் என்றார்கள். எதைத் திறப்பது எதை விடுவது என்பதில் டாக்டர்களுக்குள்ளேயே கருத்து வேறுபாடு உண்டு, குறிப்பாக இந்த மூட்டு விஷயத்தில். இன்னொருவரிடம் காட்டிக் கேட்பதில் தப்பே இல்லை.

வார்டில் எனக்கு இந்தப் பக்கம் ஒரு ஐயா, எழுபதைத் தாண்டியவர், பல்லே இல்லை. கட்டுவதற்குப் பல் இல்லாதவருக்கு எதைக் கொண்டு கடியைச் சேர்ப்பது? அவர் மகள் இரண்டாக உடைந்த பல்செட்டை முந்தானையில் முடிந்து கொண்டுவந்திருந்தார். டாக்டரம்மாவுக்கு அதைப் பார்த்ததும் முகம் மலர்ந்தது. அதையே ஒட்டி அச்சாக வைத்துத் தாடையில் கட்டினார்கள்.

அந்தப் பக்கம் எட்டு வயதுப் பையன், அப்பா வண்டியின் முன்னால் உட்கார்ந்து போய் விழுந்தவன், இரண்டு மூட்டும் போயிருந்தது. அவனுக்கு அறுவை இல்லை. கொஞ்ச நாள் கஞ்சி, அப்புறம் சீக்கிரமே வாயைத் திறந்து மூடும் பயிற்சி. பிள்ளைகளுக்கு மூட்டை அசைக்காமல் வைத்தால் அப்படியே இறுகிவிடும், தாடை வளர்ச்சியும் நின்றுபோகும் என்றார்கள். முகவாய்ப் பக்கம் முறிந்த பிள்ளைகளுக்குப் பூட்டினாலும் இரண்டு மூன்று வாரத்தில் எடுத்துவிடுவார்கள். எலும்புக்குள் முளைக்கக் காத்திருக்கும் பல் இருப்பதால் திருகு போடவும் யோசிப்பார்கள். அந்தப் பையனை வருடா வருடம் கூட்டிவரச் சொன்னார்கள்.

அறுவையன்று தெரிந்துகொள்ள ஒரு விஷயம், மயக்கக் குழாயை மூக்கு வழியாகப் போடுவார்கள். வாய் வழியாகப் போட்டால் பல்லைச் சேர்த்துப் பார்க்க முடியாதே. முதலில் பல்லைப் பழைய கடியில் சேர்த்துக் கட்டிவிட்டு, அதற்கப்புறம்தான் எலும்பில் தகடு வைத்தார்களாம். எலும்பு கச்சிதமாகச் சேர்ந்தும் கடி தவறினால் அந்த வேலை வீண். எழுந்தபோது தொண்டைப் புண்ணும் மூக்கில் ரத்தச் சளியும் இருந்தது, மூன்று நாளில் போய்விட்டது. முகம் முதல் இரண்டு நாளில் இன்னும் வீங்கும், பயப்படவேண்டாம். தலையணையை உயர்த்திப் படுங்கள்.

வாய் பூட்டியிருக்கும்போது சாப்பாடு

இது என் தொழில், அதனால் கொஞ்சம் நீளமாகவே சொல்கிறேன். ஆஸ்பத்திரியில் கொடுத்த தாளில் 'திரவ உணவு' என்று ஒரே வார்த்தைதான் இருந்தது. எனக்கு இரண்டு வாரம் இறுக்கமான ரப்பர், அப்புறம் மூன்று வாரம் தளர்ந்த ரப்பர். அந்த ஐந்து வாரத்தில் ஆறு கிலோ போச்சு. மண்டித் தராசில் வாரம் ஒருமுறை ஏறிப் பார்த்தேன். முதல் வாரத்திலேயே மூன்று. கஞ்சித் தண்ணீரையும் இளநீரையும் மட்டும் நம்பியதுதான் தப்பு. வயிறு நிறையும், உடம்பில் ஒட்டாது. எலும்பு கூடுவதற்குப் புரதம் வேண்டும்.

எப்படி உள்ளே போகும் என்பது எல்லோரும் கேட்கிற கேள்வி. கடைசிக் கடைவாய்ப் பல்லுக்குப் பின்னால் பெரும்பாலும் ஒரு சின்ன வழி இருக்கும். 50 மில்லி சிரிஞ்சில், ஊசி இல்லாமல், விரல் நீள ரப்பர்க் குழாயை மாட்டி, கன்னத்துக்கும் பல்லுக்கும் நடுவில் பின்பக்கமாக நுழைத்து மெதுவாக அழுத்தினால் பின்னால் போய் இறங்கும். நிமிர்ந்து உட்கார்ந்து, ஒரு வாய் விழுங்கிய பிறகுதான் அடுத்தது. அவசரப்பட்டால் புரையேறும், புரையேறினால் வாயைத் திறந்து இருமவும் முடியாது. முதல் நாள் ஒரு டம்ளர் பாலுக்கு எனக்கு முக்கால் மணி நேரம் ஆனது. நாலாம் நாள் பத்து நிமிஷம்.

பதம் இதுதான்: கரண்டியைத் தூக்கினால் நூலாகத் தொங்கக் கூடாது, தண்ணீராகக் கொட்டவேண்டும். டீ வடிகட்டியில் இரண்டு முறை வடிகட்டுங்கள். ஒரு மிளகுத் தோல் போதும், கம்பிக்குள் மாட்டி நாள் பூராவும் உயிரை வாங்கும்.

நாட்டுக்கோழிச் சாறு: எலும்போடு அரைக் கிலோ, சின்ன வெங்காயம் பத்து, பூண்டு, இஞ்சி, மஞ்சள், சீரகம், கொஞ்சமாக மிளகு. ஒன்றரை லிட்டர் தண்ணீரில் குக்கரில் எட்டு விசில். எல்லோரும் சாற்றை வடித்துக் கறியை மற்றவர்களுக்குக் கொடுத்துவிடுகிறார்கள். சத்து கறியில் அல்லவா இருக்கிறது! கறியை எலும்பில் இருந்து உதிர்த்து அதே சாறு விட்டு மிக்ஸியில் மையாக அரைத்து வடிகட்டிச் சேர்க்கவேண்டும். வர மிளகாயும் புளியும் வேண்டாம், வாய்த் தையலில் பட்டால் கண்ணில் தண்ணீர் வரும்.

கும்மாயம்: நம் ஊர் ஆடிக்கூழ்தான். உளுந்து நாலு பங்கு, பாசிப்பருப்பு ஒன்று, பச்சரிசி ஒன்று, தனித்தனியாக வாசம் வர வறுத்துத் திரித்துச் சலித்து வைத்துக்கொள்ளுங்கள். இரண்டு கரண்டி மாவைத் தண்ணீரில் கட்டியில்லாமல் கரைத்துக் காய்ச்சி, வடிகட்டிய கருப்பட்டிப் பாகு விட்டு, வெந்ததும் பால் ஊற்றித் தளர்த்தி, ஒரு கரண்டி நெய். உருட்டிச் சாப்பிடுகிற கும்மாயத்தை உறிஞ்சிச் சாப்பிட்டவன் செட்டிநாட்டிலேயே நான் ஒருவனாகத்தான் இருப்பேன். எடை இறங்குவதை நிறுத்தியது இதுதான். சர்க்கரை உள்ளவர்கள் கருப்பட்டியை விட்டு மோரில் கரைத்து உப்புப் போட்டுக் குடிக்கலாம்.

கவுனி அரிசியை ராத்திரி ஊறவைத்து, குழைய வேகவைத்து அரைத்து வடிகட்டித் தேங்காய்ப் பாலோடு. வேகவைத்த முட்டையைச் சூடான பருப்புத் தண்ணீரோடு அரைத்து. பொட்டுக்கடலை மாவு பாலில். இவையெல்லாம் மாற்றி மாற்றி, இரண்டு மணி நேரத்துக்கு ஒருமுறை ஒரு டம்ளர். மூன்று வேளைக் கணக்கு இங்கே செல்லாது.

சூடு ஜாக்கிரதை. கீழ்த்தாடைக்குள் ஓடும் நரம்பு அடிபட்டால் கீழுதடும் முகவாயும் மரத்துவிடும். எனக்குச் சாறு வழிவதும் தெரியவில்லை, சுட்டதும் தெரியவில்லை. கண்ணாடியில் கொப்புளத்தைப் பார்த்துத்தான் தெரிந்தது. குழந்தைப் பாலுக்குப் பார்ப்பது போல மணிக்கட்டில் ஒரு சொட்டு விட்டுப் பாருங்கள்.

நாலாம் வாரம் ஒரு கல்யாணத்துக்கு வேறு வழியில்லாமல் போனேன். பையன் உள்ளங்கையில் குழம்பை விட்டான், பல் இடுக்கு வழியாக உறிஞ்சினேன். உப்பு, புளி, காரம் மூன்றும் பழையபடி தெரிந்தன, நாக்குக்கு ஒன்றும் ஆகவில்லை. ஆனால் கத்திரிக்காய் வெந்ததா என்று சொல்ல முடியவில்லை. பதம் பார்ப்பது நாக்கு இல்லை, பல் என்று எனக்கு அன்றைக்குத்தான் தெரியும்.

கம்பி வெட்டும் குறடு

கம்பியால் பூட்டியிருந்தால் ஒரு சின்னக் குறடு எப்போதும் கூடவே இருக்கவேண்டும். ரப்பர் என்றால் நுனி மழுங்கிய கத்தரிக்கோல். நான் அரைஞாண் கயிற்றில் கட்டித் தொங்கவிட்டிருந்தேன். வீட்டில் இரண்டு பேருக்காவது எந்தக் கம்பியை வெட்டவேண்டும் என்று டாக்டர் கையாலேயே காட்டச் சொல்லுங்கள். மேலும் கீழும் இணைக்கிற நிமிர்ந்த கம்பிகளை மட்டும் வெட்டவேண்டும். வாந்தி வந்தால் உடனே வெட்டவேண்டியதில்லை. முன்னால் குனிந்து கன்னத்தை விரலால் இழுத்துவிட்டால், உள்ளே போனதே திரவம்தானே, அதுவும் அப்படியே வெளியே வந்துவிடும். மூச்சு முட்டினால் வெட்டிவிட்டு நேராக ஆஸ்பத்திரி.

பூட்டு இருக்கும் வரை சாராயம் கூடாது. ஊரணியில் இறங்கி நீந்தக் கூடாது. பஸ்ஸில் குமட்டுகிறவர்கள் முன் சீட்டில் உட்காருங்கள். மாத்திரையைத் தண்ணீரில் கரைப்பதற்கு முன்னால் கேளுங்கள், எல்லா மாத்திரையையும் பொடிக்கக் கூடாது. சிரப்பாகக் கிடைத்தால் அதுவே நல்லது.

ஒவ்வொரு டம்ளருக்குப் பிறகும் வெதுவெதுப்பான உப்புத் தண்ணீர். காலையும் ராத்திரியும் டாக்டர் எழுதிய மருந்துத் தண்ணீர். ரொம்ப நாள் கொப்பளித்தால் பல் பழுப்பேறும், பிறகு சுத்தம் செய்துவிடலாம். குழந்தைகளுக்கான சின்ன பிரஷ்ஷால் வெளிப்பக்கம் தேயுங்கள். கம்பி நுனி கன்னத்தைக் கிழித்தால் பல்லில் கம்பி போட்டவர்களுக்குத் தரும் மெழுகைக் கேட்டு வாங்கி உருட்டி ஒட்டிவிடலாம்.

வெற்றிலை, புகையிலை, பீடி எதுவும் கூடாது. அடுப்படியில் இருபது வருடமாகப் புகையிலை போட்டவன் நான். டாக்டரம்மா, "எலும்பு கூடணுமா, இது வேணுமா?" என்று கேட்டுவிட்டு அடுத்த கட்டிலுக்குப் போய்விட்டார். சர்க்கரை கட்டுக்குள் இல்லாவிட்டாலும் இதே கதைதான், காயம் சீழ் பிடிக்கும்.

வீக்கம் குறைந்து மறுபடி ஏறினால், காய்ச்சல் வந்தால், வாயில் கெட்ட வாடையோ உப்புக் கரிக்கிற சீழோ வந்தால், கம்பி தளர்ந்தால், எல்லாவற்றுக்கும் மேல் கடி மாறிய மாதிரி தோன்றினால், அடுத்த தேதி வரை காத்திருக்காமல் போய்க் காட்டுங்கள்.

பூட்டை எடுத்த பிறகு

பட்டையைக் கழற்றுகிற அன்று வாய் தானாகத் திறக்கும் என்று நினைத்திருந்தேன். ஒரு விரல்தான் போனது. நல்ல வாயில் மூன்று விரலை நிமிர்த்தி நுழைக்கலாம். ஐஸ்கிரீம் குச்சிகளைக் கழுவி அடுக்கி முன்பல்லுக்கு நடுவில் வைத்து ஒரு நிமிஷம், எடுத்து, திரும்ப. ஒரு நாளைக்கு ஆறு தடவை. இழுக்கிற வரை சரி, குத்தும் வலி வந்தால் நிறுத்தவேண்டும். நான் எட்டுக் குச்சியில் தொடங்கி, இரண்டு மூன்று நாளுக்கு ஒன்று கூட்டினேன். எனக்கு இடது மூட்டு முறிந்ததால் திறக்கும்போது தாடை இடது பக்கம் கோணியது. கண்ணாடி முன்னால் நின்று, இடது உள்ளங்கையால் முகவாயை வலப்பக்கம் லேசாகத் தள்ளிக்கொண்டே நேர்க்கோட்டில் திறந்து பழகினேன். மூன்று மாதத்தில் பெரும்பாலும் நேரானது. கொட்டாவி விடும்போது மட்டும் இன்னும் கொஞ்சம் கோணும்.

சாப்பாடும் படிப்படியாகத்தான். ஆறாம் வாரம் பாலில் ஊறிய இடியாப்பம், குழைந்த சாதம். எட்டில் வெள்ளைப் பணியாரம், மீன். பத்தில் கந்தரப்பம், நன்றாக வெந்த கறி. சீப்புச் சீடைக்குத் தீபாவளி போய்ப் பொங்கல் வந்துவிட்டது. பந்தியில் யாராவது முறுக்கை நீட்டினால் வாங்கிப் பையில் போட்டுக்கொள்வேன்.

உதட்டு மரப்பு ஆறு மாதத்தில் ஊசி குத்துவது போல் சுருக் சுருக்கென்று ஆரம்பித்துத் திரும்பி வந்தது. முகவாயில் ஒரு நகம் அளவு மட்டும் இன்னும் வரவில்லை. சவரம் பண்ணும்போது அங்கே வெட்டினால் தெரியாது, அதனால் மின் ரேசர்.

"உள்ள இருக்கிற தகடு துருப்பிடிக்காதா, எப்ப எடுப்பாங்க?" என்று எல்லோரும் கேட்கிறார்கள். டைட்டானியம் துருப்பிடிக்காது. சீழ் பிடித்தாலோ, ஈறு வழியாக வெளியே எட்டிப் பார்த்தாலோ, கையில் நெருடி உறுத்தினாலோதான் எடுப்பார்கள். எனக்கு அப்படியே இருக்கிறது. பல் பிடுங்கவோ, ஸ்கேன் எடுக்கவோ எங்கே போனாலும் தகடு இருப்பதை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். ஓ.பி.ஜி. படமும் டிஸ்சார்ஜ் தாளும் ரேஷன் அட்டை இருக்கிற அதே பையில் இருக்கின்றன.